திருப்பூரில் ஒரு மலை

திருப்பூருக்குள் ஏது மலை? சிவன்மலையைச் சொல்கிறாரோ? இருக்காது. சிவன்மலையிலிருந்து எந்த லாரியும் கேரட் ஏற்றிக்கொண்டு இறங்குவதில்லை. நான்தான் சரியாகப் படிக்கவில்லை. இந்த வெயிலில் கண் சொருகியிருக்கும். இன்னொரு தடவை படி, சுகிர்தா. மெதுவாகப் படி.

மெதுவாகப் படித்தாள். லாரி மறுபடியும் மலையிலிருந்துதான் இறங்கியது.

நூலகத்தில் அவளைத் தவிர யாரும் இல்லை. மார்ச் மாதத்து மத்தியானம். மாணவர்கள் சாப்பிடப் போயிருந்தார்கள். போத்தனூர் சந்திப்பில் ஏதோ ஒரு சரக்கு வண்டி நகர மனமில்லாமல் நகர்கிற சத்தம் ஜன்னல் வழியாக வந்துகொண்டிருந்தது. அந்தச் சின்ன இறையியல் கல்லூரியில் சுகிர்தா கிரேக்கமும் புதிய ஏற்பாடும் சொல்லித்தருகிறாள். பதினான்கு வருடமாகிறது. வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை.

அவள் முன்னால் கிடந்தது முதல்வர் எபனேசர் நாச்சிமுத்து எழுதிய புத்தகத்தின் பிரதி. சுவிசேஷங்கள் எங்கிருந்து வந்தன, எது முதலில் எழுதப்பட்டது, யார் யாரைப் பார்த்து எழுதினார்கள் என்று அறிஞர்கள் இருநூறு வருடத்துக்கு மேலாக நடத்திவரும் வாதத்தைத் தமிழில் விளக்குகிற புத்தகம். ஏப்ரலில் சபையின் அச்சகம் அதை வெளியிடுகிறது. அச்சகத்துக்கு ஒரு விதி உண்டு. பாடம் தெரிந்த மூன்று பேர் படித்துப் பார்த்து, 'இது ஆசிரியரின் சொந்த ஆக்கம்' என்று எழுதிய தாளில் கையெழுத்துப் போட்டுத் தரவேண்டும். இரண்டு பேர் போட்டுவிட்டார்கள். மூன்றாவது ஆள் சுகிர்தா. முதல்வர் வியாழக்கிழமைக்குள் கேட்டிருந்தார்.

ஐம்பத்தெட்டாம் பக்கத்தில் முதல்வர் ஓர் உதாரணம் சொல்லியிருந்தார். திருப்பூரில் ஒரு சாயப்பட்டறையில் தீப்பிடிக்கிறது. காவலாளி ஒரு கால் செருப்போடு தப்பித்து ஓடிவருகிறார். இதை மூன்று பேர் மூன்று இடத்தில் சொல்கிறார்கள். மூன்று பேர் கதையிலும் அந்த ஒற்றைச் செருப்பு வருகிறது. தேவையே இல்லாத ஒரு விவரம் மூன்றிலும் வந்தால், மூன்றும் ஓரிடத்திலிருந்து கிளம்பியவை. மத்தேயு, மாற்கு, லூக்கா மூவரின் சுவிசேஷங்களிலும் இப்படிப்பட்ட செருப்புகள் நிறைய உண்டு என்று நன்றாகவே விளக்கியிருந்தார். முதல்வர் பிறந்த ஊர் திருப்பூர். அப்பா பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டராக இருந்தவர். எல்லாம் பொருத்தமாகத்தான் இருந்தது, மூன்று பக்கம் வரைக்கும்.

அறுபத்தொன்றாம் பக்கத்தில், அதே கதையில், 'மலையிலிருந்து இறங்கிய லாரி ஓட்டுநர் சொன்னதை, பனியில் நனைந்த கேரட் மூட்டையைச் சுமப்பவர் அப்படியே டீக்கடைக்குக் கொண்டுபோகிறார்' என்று இருந்தது.

சுகிர்தாவுக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. சாயப்பட்டறைக்குள் கேரட் மூட்டை. சிரிப்பு தொண்டை வரைக்கும் வந்து அங்கேயே நின்றுவிட்டது. அந்த லாரியை அவளுக்குத் தெரியும். அது மலைப்பாதையில், பர்லியாரில் மண் சரிந்தபோது தப்பி வந்த லாரி. ஒற்றைச் செருப்போடு வந்து சேர்ந்த ஓட்டுநரை மேட்டுப்பாளையம் காய்கறி மண்டியில் கண்ணால் பார்த்தவர் அவளுடைய பழைய தோழி தங்கமணியின் அப்பா. அவர் அங்கே மூட்டை தூக்கிக்கொண்டிருந்தார்.

பிரதியை மூடினாள். உள்ளங்கை ஈரம் மேலட்டையில் பதிந்துவிட்டது. சேலைத் தலைப்பால் துடைத்தாள். துடைக்கும்போது வாசல் பக்கம் ஒருமுறை பார்த்துக்கொண்டாள். ஏன் பார்க்கிறேன், நான் என்ன செய்துவிட்டேன் என்று தன்னையே கேட்டாள். பயம் மட்டும் வந்து, எதிரே இருந்த நாற்காலியில் உட்கார்ந்துகொண்ட மாதிரி இருந்தது.

தங்கமணியும் அவளும் ஒன்றாக முதுகலை படித்தவர்கள். ஹெலன் தங்கமணி என்று பதிவேட்டில் இருக்கும். ஹெலன் என்று யாரும் கூப்பிட்டதில்லை. மூன்று சுவிசேஷங்களையும் கிரேக்கத்தில் மூன்று பத்தியாக எழுதி, சொல் சொல்லாக நிறம் தீட்டுவது அந்தப் படிப்பின் வேலை. மூன்றிலும் வருகிற சொல்லுக்குச் சிவப்பு. மாற்குவிலும் மத்தேயுவிலும் மட்டும் வந்தால் நீலம். மாற்குவிலும் லூக்காவிலும் என்றால் பச்சை. மாற்குவில் இல்லாமல் மற்ற இரண்டில் வந்தால் மஞ்சள். ஒரு வருடம் முழுக்க இரண்டு பேரும் விரல் நுனியில் நிறத்தோடு அலைந்தார்கள். சோற்றுக்குக் கை கழுவினாலும் மஞ்சள் போகாது.

அந்த மஞ்சளைப் பற்றித்தான் அவர்களுக்குள் சண்டை. மத்தேயுவுக்கும் லூக்காவுக்கும் பொதுவாக ஒரு பழைய ஏடு இருந்தது, அது தொலைந்துபோயிற்று என்பாள் தங்கமணி. யாருமே பார்க்காத ஏட்டை நீ எப்படி நம்புகிறாய், லூக்கா மத்தேயுவைப் பார்த்து எழுதியிருக்கலாமே என்பாள் சுகிர்தா. பெரிய பெரிய அறிஞர்களே இரண்டு கட்சியாக நிற்கிற இடம் அது. விடுதி மொட்டை மாடியில் துணி உலர்த்தும்போதும் அதே பேச்சு. "நீ பாத்தாத்தான் நம்புவேன்னா கர்த்தரையே நம்ப முடியாது புள்ள" என்று ஒருமுறை தங்கமணி சொன்னாள். இரண்டு பேரும் ஈரத்துணியைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் சிரித்தார்கள்.

தங்கமணிக்கு ரொம்பப் பிடித்த பாடம் களைப்பு. இன்னொருவர் எழுதியதைப் பார்த்து எழுதுகிறவன் ஆரம்பத்தில் கவனமாக இருப்பான். மாற்ற வேண்டியதை மாற்றுவான். போகப் போகக் கை சலித்துவிடும். அப்போது மூலத்தில் உள்ளது அவனை அறியாமல் உள்ளே வந்துவிடும். மத்தேயு ஏரோதை முதலில் சரியாகக் காற்பங்கு தேசாதிபதி என்கிறார். அதே கதையில் கொஞ்சம் தள்ளி, மாற்கு சொல்கிறபடியே ராஜா என்றுவிடுகிறார். லூக்கா ஐயாயிரம் பேருக்கு அப்பம் கொடுத்த கதையை பெத்சாயிதா என்ற ஊருக்குள் கொண்டுபோய் வைக்கிறார். இரண்டு வசனம் கழித்து சீடர்கள் வந்து, இது வனாந்தரமாயிற்றே, சாப்பாட்டுக்கு எங்கே போவது என்று கேட்கிறார்கள். ஊருக்குள் ஏது வனாந்தரம்? மாற்குவில் அது வனாந்தரம். நம் தமிழ் வேதாகமத்தில் இந்தக் குழப்பம் தெரியாது. பழைய கிரேக்கப் படிகளில்தான் தெரியும். பிற்காலத்தில் படியெடுத்த யாரோ பதறிப்போய், ஊரைச் சேர்ந்த வனாந்தரம் என்று சேர்த்தெழுதி ஒட்டுப் போட்டுவிட்டார்கள்.

"களைச்சுப்போன இடத்துலதான் மனுசன் தெரியறான்" என்பாள் தங்கமணி. அவள் அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. ஏதோ ஓர் இரவு விளக்கு வெளிச்சத்தில் முதுகு வலிக்க உட்கார்ந்து எழுதிய ஒரு மனிதனைப் பக்கத்தில் பார்த்துவிட்ட சந்தோஷத்தில் சொல்வாள்.

படித்து முடித்த இந்தக் கல்லூரியிலேயே முதலில் தங்கமணி ஆசிரியையாகச் சேர்ந்தாள். மேட்டுப்பாளையம் மண்டி உதாரணத்தை அவள் வகுப்புக் குறிப்பில் எழுதிவைத்தது அப்போதுதான். நீளமான நான்கு நோட்டுகள். இரண்டு வருடம் கழித்து சுகிர்தா சேர்ந்தாள். அவள் சேர்ந்த நான்காம் மாதம் ஒரு மாணவன் ஊருக்குப் போய், மத்தேயு மாற்குவைப் பார்த்து எழுதினாராம், டீச்சர் சொன்னாங்க என்று போதகரிடம் சொல்லிவிட்டான். ஒரு சபையிலிருந்து இன்னொரு சபைக்குப் பரவியது. வேதத்தைக் காப்பி என்கிறாள் என்றார்கள். மேட்டுப்பாளையத்தில் தங்கமணி வீட்டு வாசலில் வந்து நின்று கத்தினார்கள். அப்போது துறைத் தலைவராக இருந்த நாச்சிமுத்து ஐயா ஒரு கடிதம் தயார் செய்தார்: 'இவ்விதப் போதனை வகுப்பில் நடந்ததை நாங்கள் அறிவோம், இதனால் மாணவர்களின் விசுவாசம் கெடும்.' முதலில் அதை சுகிர்தாவிடம்தான் நீட்டினார்.

அவள் கணவன் இறந்து ஏழு மாதம் ஆகியிருந்தது. மகள் நவ்யாவுக்கு மூன்று வயது. கல்லூரி வளாகத்துக்குள் இரண்டு அறை வீடு கொடுத்திருந்தார்கள். கையெழுத்துப் போட ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. தங்கமணி மறுநாள் பொழுது சாய்வதற்குள் கல்லூரி அறையைக் காலி செய்ய வேண்டியிருந்தது. நோட்டுகள் துறை அலமாரியிலேயே தங்கிவிட்டன. அலமாரிச் சாவி துறைத் தலைவரிடம்.

நூலகத்திலிருந்து வெளியே வந்தபோது நடைபாதையில் முதல்வர் எதிரே வந்தார். வெள்ளைச் சட்டை, கையில் வெயிலுக்கு மடித்த செய்தித்தாள். அவர் யாரிடமும் குரலை உயர்த்தியதில்லை. அதுதான் அவரிடம் பயப்பட வேண்டிய விஷயம் என்பது சுகிர்தாவுக்கு வெகுநாள் கழித்தே புரிந்தது.

"ஏனுங்க டீச்சர், படிச்சாச்சுங்களா?"

"பாதி ஆச்சுங்க ஐயா."

"மெதுவாவே படிங்க அம்மணி. அவசரமில்லை. வியாழக்கெழமை பதினோரு மணிக்கு அச்சகத்துல இருந்து ஆள் வருது, அவ்வளவுதான்." சிரித்தார். "பாப்பா பிளஸ் டூ பரிச்சை எழுதறாளாட்ட இருக்குது?"

"ஆமாங்க. இன்னும் மூணு பேப்பர் பாக்கி."

"நல்லா எழுதச் சொல்லுங்க. இந்த நேரத்துல புள்ளைக மனசுல வெசனமில்லாம இருக்கோணும்."

அவர் போன பிறகும் அந்தக் கடைசி வார்த்தை நடைபாதையிலேயே நின்றது. அக்கறையாகத்தான் சொன்னார். அக்கறையாகத்தான் சொன்னாரா?

அன்று சாயங்காலம் கேட் திறக்கிற சத்தம் கேட்டதும் சுகிர்தா கரண்டியைக் கீழே போட்டுவிட்டாள். பால்காரர்தான்.

"ஏம்மா, கேட் சத்தத்துக்கெல்லாம் இப்படித் துள்றே?" என்றாள் நவ்யா, புத்தகத்திலிருந்து தலை தூக்காமலே. "யாராச்சும் புடிச்சுட்டுப் போக வர்றாங்களா?"

"எதுக்கு என்னைப் புடிச்சுட்டுப் போறாங்க? வேதியியலைப் படி."

"நீ இன்னைக்குச் சாம்பார்ல உப்பே போடலை. அதுக்கே புடிக்கலாம்."

சிரித்துவிட்டு, அடுப்பின் பக்கம் திரும்பிக்கொண்டாள். இந்த வீட்டின் ஒவ்வொரு சுவரையும் அவளுக்குத் தெரியும். எந்த மூலையில் மழைக்கு ஈரம் கோக்கும், எந்த ஜன்னல் கொக்கி பிடிக்காது, எல்லாம். நவ்யா நடக்கப் பழகியது வேறு வீட்டில், எழுதப் பழகியது இங்கே. ஜூன் மாதம் இந்த வீட்டைக் காலி செய் என்றால்? ஒரு கையெழுத்து. முன்பு போட்ட அதே கை. யாருக்குத் தெரியப்போகிறது? திருப்பூரில் மலை இல்லை என்பதை எத்தனை பேர் கவனிப்பார்கள்?

ஆனால் அவளுக்கு உண்மையில் பயமாக இருந்தது வீடு போவதைப் பற்றியல்ல என்பதை உப்பு டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபோது கண்டுகொண்டாள். அந்தக் கையெழுத்தைப் போடுவது எவ்வளவு சுலபமாக இருக்கும் என்பது அவளுக்கு ஞாபகம் இருந்தது. அந்தச் சுலபத்துக்குத்தான் பயந்தாள்.

மறுநாள், புதன்கிழமை, வகுப்பு இல்லை. போத்தனூரிலிருந்து மேட்டுப்பாளையம் போகிற ரயிலில் ஏறினாள். பதினான்கு வருடத்தில் தங்கமணியை ஒருமுறைகூடப் பார்க்கவில்லை. பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் கடை வைத்திருக்கிறாள் என்று யாரோ சொல்லித் தெரியும். காரமடை தாண்டியதும் மலை ஜன்னல் முழுக்க வந்து நின்றது. இறங்காமல் அப்படியே திரும்பிவிடலாமா என்று இரண்டு தடவை நினைத்தாள்.

ஜெராக்ஸ் கடை. கண்ணாடிக் கதவில் ஆதார், பான் கார்டு, லேமினேஷன் என்று ஒட்டியிருந்தது. உள்ளே தங்கமணி ஒரு கிழவருக்குப் பட்டா நகல் எடுத்துக்கொண்டிருந்தாள். முடி நரைத்து, மூக்குக் கண்ணாடி போட்டு, கொஞ்சம் பருத்திருந்தாள். நிமிர்ந்து பார்த்தாள். மெஷின் வெளிச்சம் ஒருமுறை ஓடி முடிந்தது.

"வா புள்ள" என்றாள் பிறகு, நேற்றுப் பார்த்த மாதிரி. "உக்காரு. அந்த ஸ்டூல் ஆடும், பாத்து."

சுகிர்தா உட்கார்ந்தாள். ஸ்டூல் ஆடியது.

"என்ன பாக்கறே? வேதத்தைக் காப்பின்னு சொல்லிப்போட்டேன்னு தொரத்துனாங்க. இப்ப காப்பி எடுத்துத்தான் பொழைக்கறேன். ஆண்டவருக்கு நல்ல வெளையாட்டுப் புத்தி."

பட்டா கிழவர் போனதும் சுகிர்தா பையிலிருந்து அந்த நான்கு பக்கங்களை எடுத்து நீட்டினாள். யாருடையது என்று சொல்லவில்லை. தங்கமணி நின்றுகொண்டே படித்தாள். சாயப்பட்டறையில் அவள் முகம் மாறவில்லை. ஒற்றைச் செருப்பில் புருவம் ஏறியது. அறுபத்தொன்றாம் பக்கத்தில் அவள் சிரித்த சிரிப்புக்கு அடுத்த கடைக்காரர் எட்டிப் பார்த்தார்.

"திருப்பூர்ல கேரட் லாரி! எங்கய்யன் தூக்குன மூட்டைய நேராக் கொண்டுபோயி பனியன் கம்பெனில எறக்கிப்போட்டாரு பாரு." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நாச்சிமுத்து ஐயாவா?"

"ஆமா."

"களைச்சுப்போயிட்டாரு பாவம். வயசாச்சுல்ல."

"என்னைக் கையெழுத்துப் போடச் சொல்றாரு தங்கமணி. இது அவர் சொந்தமா எழுதினதுன்னு. நாளைக்கு."

தங்கமணி தாள்களைத் தட்டிச் சமமாக்கித் திருப்பிக் கொடுத்தாள். சிரிப்பு போய்விட்டிருந்தது.

"போட்டுட்டுப் போ. அன்னைக்கும்தான் போட்டே. மொதல் கையெழுத்து. வட்ட வட்டமா, அழகா இருந்துச்சு."

பைக்குள் போன கையை சுகிர்தா நிறுத்தினாள். "உனக்குத் தெரியுமா?"

"லெட்டர் நகலை என்ற கையிலயே குடுத்தாங்க புள்ள, அனுப்பறப்ப. உன்னையத் திட்டோணும்னு பத்துத் தடவை போனை எடுத்தேன். அப்பறம் குஞ்சு பொரிச்ச கோழியாட்டம் சின்னக் கொழந்தைய வெச்சுட்டு என்ன பண்ணுவான்னு வெச்சுப்போட்டேன்."

"நான் வந்து சொல்லியிருக்கணும்."

"சொல்லியிருக்கோணும்தான்." ஒரு கட்டுத் தாளை எடுத்து விசிறியாக விரித்து மெஷினுக்குள் வைத்தாள். "இப்ப ஒண்ணு கேட்டுக்க. என்ற பேரை எங்கயும் எடுக்காதே. அவரு சொன்னா ஆராய்ச்சி, நான் சொன்னாத்தான் காப்பி. நோட்டு என்னுதுன்னு சொன்னா மறுக்காவும் வாசல்ல வந்து நிப்பாங்க. எங்கய்யன் அந்த வெசனத்துலயே போயிட்டாரு. அம்மா இன்னும் ஊட்டுல இருக்குது. கதவு தட்டுனா உள்ளாற போயி ஒளிஞ்சுக்குது. எனக்குப் புஸ்தகமும் வேண்டாம், நாயமும் வேண்டாம்."

"அப்ப நான் என்ன காரணம் சொல்றது?"

"அது உன்ற பாடு." மெஷினை ஓட விட்டாள். பிறகு குரலைத் தணித்துக் கேட்டாள்: "அந்த மஞ்சள் ஏடு. இப்பவாச்சும் நம்பறயா?"

"இல்லை."

"திருந்த மாட்டே. டீ சொல்லட்டுமா?"

டீ குடித்தார்கள். மஞ்சளைப் பற்றிப் பத்து நிமிடம் பேசினார்கள். புதிதாக யார் என்ன எழுதியிருக்கிறார்கள் என்று தங்கமணிக்கு எல்லாம் தெரிந்திருந்தது. போனிலேயே தேடிப் படிக்கிறாளாம், கூட்டமில்லாத நேரத்தில். லூக்கா மத்தேயுவைப் பார்த்திருந்தால் மலைப்பிரசங்கத்தை ஏன் அப்படிச் சிதறடித்தார் என்று கேட்டாள். அது தனக்கும் இடிக்கிறது என்று சுகிர்தா ஒத்துக்கொண்டாள். கிளம்பும்போது தங்கமணி வாசல் வரைக்கும் வந்தாள், ஆனால் மறுபடி வா என்று சொல்லவில்லை.

திரும்பும் ரயிலில் சுகிர்தாவுக்குக் காய்ச்சல் மாதிரி இருந்தது. ஆதாரம் கையில் இருக்கிறது, அதை வெளியே எடுக்கக் கூடாது. காரணம் சொல்லாமல் மறுத்தால் பிடிவாதக்காரி. காரணம் சொன்னால் தங்கமணியின் அம்மா உள்ளறைக்குள் போய் ஒளிய வேண்டும். போட்டுவிட்டால் எல்லோருக்கும் நல்லது. அந்த 'எல்லோருக்கும்' என்ற சொல்லை அவள் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அதற்குள் யார் யார் இருக்கிறார்கள் என்று எண்ணினாள். தன்னை எண்ண வந்தபோது நிறுத்திக்கொண்டாள்.

வியாழக்கிழமை பத்தே முக்காலுக்கு முதல்வர் அறைக்குப் போனாள். மேசையில் அந்தத் தாள் இருந்தது, இரண்டு கையெழுத்தோடு. பக்கத்தில் ஒரு பழுப்பு உறை.

"உக்காருங்க அம்மணி. என்ன, மொகம் வாடிக் கெடக்குது? தூங்கலீங்களா?"

"அறுவத்தொண்ணாம் பக்கத்துல, திருப்பூர்ல ஒரு மலை வருதுங்க ஐயா." சொல்ல நினைத்தது இதுவல்ல. வாய் முந்திக்கொண்டது.

முதல்வர் பக்கத்தைப் புரட்டினார். படித்தார். அவர் கண் ஒரு வரியில் நின்று, அங்கேயே கொஞ்ச நேரம் இருந்தது. பிறகு சிரித்தார்.

"சிவன்மலை இருக்குதுல்லீங்க?"

"சிவன்மலையில கேரட் வெளையறதில்லைங்க."

"அதுஞ் செரிதான்." பிரதியை அவள் பக்கம் தள்ளினார். கோபப்படுவார் என்று எதிர்பார்த்து அவள் இறுக்கி வைத்திருந்த தோள் இன்னும் இறுகியது. "நல்லவேளை, உங்க கண்ணுல பட்டுச்சு. வேற யாராச்சும் பாத்திருந்தா சிரிப்பாப் போயிருக்கும். இப்புடி இன்னும் எங்கெங்க இருக்குதுன்னு நீங்களே பாத்து மாத்திக் குடுத்துருங்க. உங்களைவிட அந்த... அந்த விசயம் தெரிஞ்ச ஆளு வேற யாரு இருக்கறாங்க? அச்சகத்துக்காரன்கிட்ட ஒரு வாரம் டயம் வாங்கிக்கலாம். கையெழுத்தை மட்டும் இப்ப போட்டுருங்க."

அவருக்குத் தெரிந்துவிட்டது. அவளுக்குத் தெரியும் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. மின்விசிறிக் காற்றில் அந்தத் தாளின் ஓரம் எழும்பி எழும்பி அடங்கியது.

"இது உங்களுதுங்க" என்று பழுப்பு உறையைத் தொட்டுக் காட்டினார். "பெர்மனென்ட் ஆர்டர். போன மாசமே ரெடி. இன்னைக்குக் குடுக்கலாம்னு வெச்சிருந்தேன். வயசுப் புள்ளைய வெச்சுக்கிட்டு வெளிய ஊடு பாக்கறதெல்லாம் செரமமுங்க அம்மணி."

சுகிர்தா தாளைப் பார்த்தாள். கை மடியிலேயே இருந்தது.

"என்னுங்க ரோசனை? ஒண்ணு கேக்கறேன், நீங்க படிச்சவங்க, சொல்லுங்க." நாற்காலியில் சாய்ந்துகொண்டார். வகுப்பில் கேள்வி கேட்கிற குரல். "மத்தேயு மாற்குவை முன்னால வெச்சுக்கிட்டுத்தான எழுதுனாரு? பத்துல ஒம்பது பங்கு எடுத்துக்கிட்டாரு. எங்கியாச்சும் மாற்கு பேரைச் சொன்னாருங்களா? சொல்லலை. அதுக்காக அவரைத் திருடன்னு சொல்லுவீங்களா? நாம அதை வேதம்னுதான வாசிக்கறோம்?"

இந்தக் கேள்விக்கு அவள் தயாராக வரவில்லை. அதனால்தானோ என்னவோ, பதில் தானாக வந்தது. பயந்த குரலில், அவளுக்கே சரியாகக் கேட்காத குரலில்.

"அவர் தன்னோட பேரையும் போட்டுக்கலைங்களே ஐயா."

"என்னுங்க?"

"நான் மத்தேயு, நான் எழுதினேன்னு அந்தச் சுவிசேஷத்துல எங்கேயும் இல்லைங்க. பேரெல்லாம் பின்னால வந்தவங்க வெச்சது. எடுத்தவரும் பேர் போடலை, குடுத்தவரும் போடலை. இதுல அட்டையில உங்க பேர் இருக்குதுங்க."

முதல்வர் இழுப்பறையைத் திறந்தார். எதையும் வெளியே எடுக்கவில்லை. திறந்தே வைத்தார்.

"பழைய ஃபைல் ஒண்ணு இருக்குதுங்க இதுல. பதினாலு வருசத்துக்கு முந்தின லெட்டர். மொதல் கையெழுத்து யாருதுன்னு ஞாபகம் இருக்குதுங்களா?"

"என்னுதுங்க."

"வெளிய போன அந்தப் புள்ளைக்குத் தெரியுமுங்களா அது?"

"தெரியுமுங்க."

அவர் அதை எதிர்பார்க்கவில்லை. இழுப்பறையை மூடினார். மூடும்போது சத்தம் வரவில்லை. அவர் எதையும் சத்தமாக மூடுவதில்லை. பேனாவின் மூடியைக் கழற்றி, பேனாவை அவள் பக்கம் திருப்பித் தாளின் மேல் வைத்தார்.

"அச்சகத்து ஆளு வந்தாச்சாட்ட இருக்குது. கேட்டுல பைக் சத்தம் கேக்குது. ஒரே ஒரு கையெழுத்து அம்மணி. நானாக் கேக்கறேன். இத்தனை வருசத்துல உங்ககிட்ட வேற எதாச்சும் கேட்டிருக்கறனா?"

பயம் போகவில்லை. போகும் என்று அவள் கொஞ்சம் நம்பியிருந்தாள். உண்மையைச் சொல்லிவிட்டால் பயம் போய்விடும் என்று பிரசங்கங்களில் சொல்வார்கள். அது அப்படியே இருந்தது. வராந்தாவில் செருப்புச் சத்தம் நெருங்கி வந்தது.

சுகிர்தா பேனாவை எடுத்தாள். அதன் மூடியைத் தேடி எடுத்து மாட்டி, மேசையில் அவர் பக்கமாக வைத்தாள். தாளையும் நகர்த்தினாள். உறையைத் தொடவில்லை.

"நான் போடலைங்க ஐயா" என்றாள். "திருத்தியும் தர மாட்டேனுங்க."

"நாளைக்கு வரைக்கும் ரோசனை பண்ணிப் பாருங்க."

"நாளைக்கும் இதேதானுங்க."